கடன் பாக்கி, வாடகைத் தகராறு: போலீஸ் எதுவரை தலையிடலாம்?

கொடுத்த கடன் திரும்பி வரலையா? வீட்டுக்காரர் டெப்பாசிட்டைத் தர மாட்டேங்கிறாரா? பிரிக்பீல்ட்ஸோ கிள்ளானோ, அருகிலுள்ள நிலையத்தில் நீங்கள் போலீஸ் புகார் செய்யலாம். ஆனால், பணத்தை வசூலித்துத் தருவது போலீசின் வேலை அல்ல. அது சிவில் வழக்கு. நீதிமன்றமே முடிவு செய்யும்.

எப்போது குற்றமாகும்?
தொடக்கத்திலேயே ஏமாற்றும் நோக்கத்தோடு பணம் வாங்கியிருந்தால், அது தண்டனைச் சட்டத்தின் 420ஆவது பிரிவின்கீழ் மோசடி. கடனைக் கேட்டு மிரட்டினால் 506ஆவது பிரிவு. இவை போலீஸ் விசாரணைக்கு உரியவை.

வாடகைக்காரர் காலி செய்யாவிட்டால்?
ஒப்பந்தம் முடிந்திருந்தாலும், நீதிமன்றத்தின் வழியாகத்தான் வீட்டை மீட்க வேண்டும் என்கிறது 1950ஆம் ஆண்டு ஸ்பெசிபிக் ரிலீப் சட்டத்தின் 7(2)ஆவது பிரிவு. நீங்களே பூட்டை மாற்றி ஆளை வெளியேற்றினால், வழக்கு உங்கள் மீதே திரும்பலாம்.

எங்கே போவது?
• 5,000 ரிங்கிட் வரை: மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் சிறு கோரிக்கை வழக்கு. 198ஆம் பாரத்தை நிரப்புங்கள். வக்கீல் வேண்டாம், நீங்களே பேசலாம்.
• 1 லட்சம் ரிங்கிட் வரை: மாஜிஸ்திரேட் நீதிமன்றம்.
• 10 லட்சம் வரை: செஷன்ஸ் நீதிமன்றம்.
• வாங்கிய பொருள், சேவையில் குறை என்றால், 50,000 ரிங்கிட் வரை: பயனீட்டாளர் தீர்ப்பாயம்.

கடன், ஒப்பந்த வழக்குகளைத் தொடுக்க தீபகற்பத்தில் 6 ஆண்டுகள்தான் அவகாசம். ரசீது, வாட்ஸ்அப் செய்தி, வங்கிப் பதிவு எல்லாவற்றையும் பத்திரமா வைங்க.