புளிப்பு எங்கடது, மா கப்பலில் வந்தது

2020 மார்ச்சில் ஊரடங்கு தொடங்கின பிறகு உலகம் முழுக்க ஒரு விசர் பிடித்தது. கடைகளில் ஈஸ்ட் முடிந்துபோக, சனம் கண்ணாடிப் போத்தலில் மாவையும் தண்ணியையும் கலந்து, மூடியில் பேர் எழுதி, ஒரு பிள்ளையைப்போல வளர்க்கத் தொடங்கினார்கள். அதுக்குப் பேர் சவர்டோ. அதாவது கடை ஈஸ்ட் போடாமல், தானாகப் புளித்த மா. அந்த மாவில் பாண் சுட்டார்கள். அவண் இல்லாதவர்கள் இங்கிலிஷ் மஃபின் சுட்டார்கள். இன்றைக்கும் எங்கட வயதுக்காரரின் இன்ஸ்டகிராமில் அந்த வட்ட வட்டமான மஃபின் வந்துகொண்டுதான் இருக்கு. பார்க்கிற எங்களுக்கு அது வெள்ளைக்காரச் சாப்பாடு, பணக்கார வீட்டுப் பொழுதுபோக்கு.

உண்மையில் அந்த மஃபினில் எது வெளிநாடு? திருகோணமலைத் துறைமுகத்தின் கரையில் நின்று யோசித்தால் இந்தக் கேள்விக்கு எதிர்பாராத பதில் கிடைக்கும்.

முதலில் மஃபின் என்றால் என்ன என்று பார்ப்போம். எங்கட பேக்கரிகளில் கடதாசிக் கிண்ணத்தில் விற்கிற இனிப்புக் கேக் இல்லை இது. உள்ளங்கை அளவு, இரண்டு பக்கமும் தட்டையாகப் பொரிந்த, உள்ளே ஓட்டை ஓட்டையாக இருக்கிற ஒரு சிறு பாண். அவணில் வைப்பதில்லை, இரும்புத் தட்டில், அதாவது எங்கட தோசைக்கல்லு மாதிரி ஒன்றில், திருப்பித் திருப்பிச் சுடுவார்கள். ஹன்னா கிளாஸ் என்ற பெண் 1747இல் வெளியிட்ட ஆங்கிலச் சமையல் நூலிலேயே இதன் செய்முறை இருக்கு. 19ஆம் நூற்றாண்டு லண்டனில் மஃபின்காரர் தலையில் தட்டு வைத்து, கையில் மணி அடித்துத் தெருத்தெருவாக விற்றார்கள். எங்கட ஒழுங்கையில் ‘ஃபர் எலிஸ்’ இசையைப் போட்டுக்கொண்டு வருகிற பாண் ஓட்டோவுக்கு அவர்களை அண்ணன் முறை என்று சொல்லலாம். பிளைமவுத்தில் இருந்து 1874இல் நியூயோர்க் போன சாமுவேல் பாத் தோமஸ் என்ற பேக்கரிக்காரர் 1880இல் அங்கே கடை போட்டு இதை விற்றார். ‘இங்கிலிஷ்’ என்ற அடைமொழி அமெரிக்காவில்தான் ஒட்டிக்கொண்டது. இங்கிலாந்தில் அது வெறும் மஃபின்.

அந்தக் காலத்தில் அதைப் பொங்க வைத்தது எது? பியர் காய்ச்சும் பீப்பாயின் மேலே திரளுகிற நுரை. அந்த நுரை முழுக்க உயிருள்ள ஈஸ்ட். அதை மாவில் கலந்தால் மா பொங்கும். ஆக மஃபினுக்கு வேண்டியது மூன்று: மா, சுடுகல், குடிவகை புளிக்கிற இடத்தில் இருந்து எடுத்த கொஞ்ச நுரை.

இதே மூன்றையும் வைத்து எங்கட ஆக்கள் செய்ததுதான் அப்பம். ஊறப்போட்டு இடித்த அரிசி மா, அப்பத்தாச்சி, கொஞ்சக் கள்ளு. இரவு கரைத்து வைத்தால் விடிய நுரைத்திருக்கும். மூடிக்கு மேலே தணல் போட்டுச் சுட்ட வீடுகளும் உண்டு. கீழேயும் மேலேயும் சூடு கிடைக்க வேண்டும் என்பதற்காகச் செய்த வேலை அது. தென்னையிலோ பனையிலோ பாளை சீவி இறக்கின சாறு சில மணித்தியாலத்திலேயே தானாகப் புளிக்கும். அதில் இருப்பது பேக்கரி ஈஸ்ட்டின் அதே இனமும், தயிரைப் புளிக்க வைக்கிற வகைப் பக்டீரியாவும். சவர்டோ போத்தலுக்குள் இருக்கிறதும் ஏறக்குறைய இதே கூட்டம்தான். முட்டியில் சுண்ணாம்பு தடவினால் இந்தக் கூட்டம் வளராது, சாறு புளிக்காது, இனிப்பாகவே இருக்கும் என்பதும் எங்கட ஆக்களுக்குத் தெரிந்திருந்தது. லூயி பஸ்தேர் 1857இல் புளித்தல் என்பது உயிர்களின் வேலை என்று எழுதுவதற்கு எவ்வளவோ முன்பே, காரணம் தெரியாமலேயே அதைக் கட்டுப்படுத்தத் தெரிந்தவர்கள் இந்தக் கரைகளில் இருந்தார்கள்.

இப்ப துறைமுகத்துக்கு வருவோம்.

போர்த்துக்கேயர் 1622இல் கோணேசர் கோயிலை இடித்து, அதன் கற்களைக்கொண்டு கோட்டை கட்டினது எங்கட ஊரில் எல்லாருக்கும் தெரிந்த கதை. அவர்கள் இடித்ததைப் பற்றி நாங்கள் நிறையப் பேசுகிறோம். விட்டுவிட்டுப் போனதைப் பற்றி அவ்வளவாகப் பேசுவதில்லை. மேசை, அலுமாரி, சப்பாத்து, வாங்கு எல்லாம் அவர்களின் மொழியில் இருந்து வந்த சொற்கள். பாண் என்பதும் அப்படித்தான். கடையில் போய் “ஒரு றாத்தல் பாண் தாங்கோ” என்று கேட்கிறோமே, அந்த றாத்தல் அரபு நிறையளவுச் சொல்; போர்த்துக்கேய மொழியிலும் அது இருந்தது. பிறகு அது ஆங்கில இறாத்தலுக்குப் பேராகி, இன்றைக்கும் முழுப் பாணின் சட்டப்படியான நிறை 450 கிராமாகவே இருக்கு. ஒரே வசனத்தில் மூன்று கடல்வழி வியாபாரம்.

ஆனால் பாணோடு சேர்ந்து வர முடியாமல் போன ஒன்று உண்டு: புளிப்பு. ஐரோப்பாவின் பியர் நுரை மாதக்கணக்கான கப்பல் பயணத்தில் தாங்காது. அதனால் கோவாவில் போர்த்துக்கேயர் தென்னங்கள்ளை ஊற்றி மாவைப் பொங்க வைத்தார்கள். பிரித்தானியர் காலத்தில் தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் பேக்கரிக்காரர் செய்ததும் அதைத்தான். துரைமாரின் காலைச் சாப்பாட்டுப் பாண், அவர்கள் ‘நாட்டுச் சாராயம்’ என்று முகம் சுளித்த பொருளின் தயவில் பொங்கியது!

அந்தக் கள்ளை இறக்கின மனிதர்களுக்கு என்ன கிடைத்தது? வரி, அனுமதிப் பத்திரம், அவமானம். 1912ஆம் ஆண்டின் மதுவரிக் கட்டளைச் சட்டம் மரம் சீவுவதையும் கள்ளு விற்பதையும் அரசின் அனுமதிக்குள் கொண்டுவந்தது. சட்டம் மட்டும் குற்றவாளி இல்லை. சீவல் தொழில் செய்தவர்களைச் சாதி சொல்லி ஒதுக்கினது எங்கட சமூகம். அவர்கள் இறக்கின கள்ளு ஊற்றின அப்பம் இனித்தது, அவர்கள் மட்டும் முற்றத்துக்கு வெளியே நின்றார்கள். அப்பத்துக்குள் இருந்து கள்ளு மெதுமெதுவாக மறைந்து, அப்பச்சோடாவும் பக்கெற் ஈஸ்ட்டும் அந்த இடத்துக்கு வந்ததுக்கு வசதி மட்டும் காரணம் இல்லை, இந்த அருவருப்பும் ஒரு காரணம் என்று நான் நினைக்கிறேன். அந்தப் பக்கெற்றில் இருக்கிற காய்ந்த ஈஸ்ட்டே ஒரு போர்ச் சரக்கு. இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கப் படையினருக்குக் குளிர்பெட்டி இல்லாத இடத்திலும் பாண் சுடுவதற்காக உருவாக்கினது அது.

அதே போர்தான் எங்கட தட்டையும் மாற்றியது. 1942 மார்ச்சில் ஜப்பானியரிடம் ரங்கூன் விழுந்தது. ஏப்ரல் 9 அன்று திருகோணமலைத் துறைமுகத்தில் ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்டன. குண்டு விழுந்த நாளை ஊர் நினைவில் வைத்திருக்கு. ஆனால் சோற்றுக்கு விழுந்த அடி ரங்கூன் விழுந்தது. இலங்கை தின்ற அரிசியில் பெரும்பங்கு பர்மாவில் இருந்து வந்துகொண்டிருந்தது. அது நிற்க, அரிசிக்குப் பங்கீடு வந்தது. அரிசியின் இடத்தை நிரப்பக் கோதுமை மா வந்தது. கோதுமை இந்தத் தீவில் விளைகிற பயிர் இல்லை. ஒவ்வொரு கிலோவும் கப்பலில்தான் வரவேண்டும்.

போர் முடிந்தும் மா திரும்பிப் போகவில்லை. அமெரிக்கா தன்னுடைய மிதமிஞ்சின கோதுமையை பிஎல் 480 என்ற 1954ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் ஏழை நாடுகளுக்கு அனுப்பியது. அதைப் பெற்ற நாடுகளில் இலங்கையும் ஒன்று. எங்கட ஆக்கள் பலர் கோதுமை மாவை இன்றைக்கும் ‘அமெரிக்கன் மா’ என்று சொல்வதைக் கவனித்திருப்பீர்கள். எழுபதுகளில் அந்நியச் செலாவணி இல்லாமல் சிறிமா அரசு இறக்குமதியை இறுக்கினபோது, விடியப்புறம் பாணுக்கு வரிசையில் நின்ற கதையை எந்த அப்பப்பாவிடம் கேட்டாலும் சொல்வார். ஒரு தலைமுறைக்குள் பாண் இல்லாமல் வாழ முடியாத நிலைக்கு நாடு வந்திருந்தது.

அடுத்த கட்டம் எங்கட வாசலிலேயே நடந்தது. 1977இல் ஆட்சி மாறினது; சிங்கப்பூரின் பிறீமா நிறுவனம் இலங்கைக்கு வந்தது. சீனக்குடாப் பக்கம் கட்டப்பட்ட அதன் மா ஆலை 1980இல் இயங்கத் தொடங்கியது. உலகத்தில் ஒரே இடத்தில் அமைந்த மிகப் பெரிய மா ஆலைகளில் ஒன்று அது. ஆழமான இயற்கைத் துறைமுகம் என்பதால் பெரிய கப்பல் ஆலையின் இறங்குதுறைக்கே வந்து கோதுமையைக் கொட்டும். லொறியிலும் ரயிலிலும் மா நாடு முழுக்கப் போகும். கடற்படைகள் அடிபட்டுப் பிடித்த துறைமுகம், பிரித்தானியர் 1957இல் விட்டுப் போன துறைமுகம், கடைசியில் நாட்டின் காலைச் சாப்பாட்டுக்கு வாசலானது.

இதை வெறும் அநியாயமாக மட்டும் எழுதினால் அது பாதி உண்மைதான். பாண் வந்தபோது விடிய நாலு மணிக்கு மா இடித்து, புட்டு அவித்து, இடியப்பம் பிழிந்த பெண்களுக்குக் கொஞ்ச நித்திரை கிடைத்தது. துறைமுகத்திலும் ஆலையிலும் வேலைக்குப் போகிறவருக்கு ஒரு றாத்தல் பாணும் சம்பலும் அவசரத்துக்கு உதவும் சாப்பாடு. ‘பாரம்பரிய உணவு’ என்று மேடையில் பேசுகிற ஆண்கள் எத்தனை பேர் உரலைத் தொட்டிருப்பார்கள்?

விலை எங்கே கொடுத்தோம் என்பது 2022இல் தெரிந்தது. பெப்ரவரியில் உக்ரைன் போர் தொடங்கி உலகக் கோதுமை விலை ஏறியது. மார்ச்சில் எங்கட ரூபா சரிந்தது. மே மாதம் இந்தியா கோதுமை ஏற்றுமதியைத் தடுத்தது. காஸ் இல்லாமல் பேக்கரிகள் பூட்டப்பட்டன. சரி, சோற்றுக்குத் திரும்புவோம் என்றால், 2021இல் இரசாயன உரத்தைத் திடீரென்று தடைசெய்ததால் நெல் விளைச்சலும் விழுந்திருந்தது. கோதுமைக் கப்பலைப் பார்த்துக்கொண்டிருக்கிற ஊரிலேயே ஒரு றாத்தல் பாணை நாலாகப் பிரித்துச் சாப்பிட்ட வீடுகள் இருந்தன.

இவ்வளவையும் தெரிந்துகொண்டு மஃபின் சுட்டுப் பாருங்கோ. செய்முறை கஷ்டமில்லை. ஒரு போத்தலில் இரண்டு மேசைக்கரண்டி மா, அதே நிறைத் தண்ணி. தினமும் பாதியை எடுத்துவிட்டுப் புது மாவும் தண்ணியும் போடுங்கோ. இரண்டாம் நாள் பொங்கும், பிறகு செத்ததுபோலக் கிடக்கும். பயப்படாதேங்கோ: முதலில் வந்த பக்டீரியாக்கள் தாங்கள் உண்டாக்கின புளிப்பாலேயே அடங்கி, ஈஸ்ட்டுக்கு இடம் விடுகிற நேரம் அது. எங்கட வெக்கைக்கு ஐந்தாறு நாளில் தயாராகிவிடும்.

அதில் 100 கிராம், மா 300 கிராம், பால் அல்லது தண்ணி 200 மில்லிலீற்றர், ஒரு தேக்கரண்டி உப்பு, கொஞ்சம் சீனி. குழைத்து நாலைந்து மணித்தியாலம் பொங்க விட்டு, இரவு குளிர்பெட்டியில் வையுங்கோ. காலையில் எட்டு வட்டமாகத் தட்டி, ஒட்டாமல் இருக்க ரவை தூவி, ஒரு மணித்தியாலம் விடுங்கோ. பிறகு தோசைக்கல்லில், மூடி போட்டு, மெல்லிய நெருப்பில் ஒவ்வொரு பக்கமும் ஏழெட்டு நிமிடம். கத்தியால் வெட்டாமல் கையால் பிய்த்தால்தான் ஓட்டைகள் தெரியும்.

மாவில் கால்பங்குக்கு அரிசி மாவோ குரக்கன் மாவோ கலக்கலாம்; கொஞ்சம் இறுக்கமாக வரும், ருசி நல்லாயிருக்கும். முழுக்க அரிசி மாவில் ஏலாது. காற்றைப் பிடித்து வைக்கிற குளூட்டன் அரிசியில் இல்லை. அதனால்தான் எங்கட ஆக்கள் அரிசியைத் தண்ணியாகக் கரைத்து, தாச்சியில் மெல்லிசாகச் சுழற்றி அப்பமாக்கினார்கள். இருக்கிற தானியத்துக்கு ஏற்ற பதில் அது.

சவர்டோவில் ‘வெளிநாட்டு மர்மம்’ என்று நாங்கள் வியக்கிற புளிப்பு, பாளை சீவினவர்கள் முட்டியில் தினமும் இறக்கினது. அதை வியப்பதென்றால் அவர்களையும் அந்த வியப்புக்குள் சேர்க்க வேண்டும். உண்மையான வெளிநாடு, நாங்கள் யோசிக்காமல் கடையில் வாங்குகிற அந்த வெள்ளை மா. அடுத்த முறை அதன் விலை ஏறும்போது வானத்தைப் பார்க்காமல் துறைமுகத்தைப் பாருங்கோ. அங்கே எந்தக் கப்பல் நிற்குது, எங்கேயிருந்து வந்தது, யார் தீர்மானித்து வந்தது என்று கேளுங்கோ.