நவபாஷாணம்: வழிபாட்டில் தேயும் திருமேனி

கொடைக்கானலில் இருந்து பூண்டிக்குப் போகும் மலைப்பாதை பூம்பாறை வழியாகத்தான் செல்கிறது. அடுக்கடுக்கான பூண்டு வயல்களுக்கு நடுவே இருக்கும் இந்தச் சிற்றூரில் குழந்தை வேலப்பர் கோயில் உள்ளது. இது பழனி தண்டாயுதபாணி சுவாமி கோயிலின் உபகோயில். நிர்வாகத்தில் மட்டுமல்ல, கதையிலும் இரண்டு கோயில்களுக்கும் உறவு உண்டு. இரண்டு மூலவர்களையும் செய்தவர் போகர் என்னும் சித்தர் என்பதே மக்களின் நம்பிக்கை.

பழனி மூலவர் கல்லோ, ஐம்பொன்னோ அல்ல; நவபாஷாணத்தால் ஆனவர் என்பது மரபு. 'நவ' என்றால் ஒன்பது, 'பாஷாணம்' என்றால் நஞ்சு. பூம்பாறைச் சிலையில் பத்துப் பாஷாணங்கள் உள்ளன என்றும் சொல்வார்கள். அந்த ஒன்பது எவை என்பதில் பட்டியலுக்குப் பட்டியல் வேறுபாடு உண்டு. சாதிலிங்கம், மனோசிலை, கௌரி பாஷாணம், வெள்ளைப் பாஷாணம், கந்தகம் ஆகியவை பொதுவாகச் சொல்லப்படுபவை. இவற்றில் சாதிலிங்கம் பாதரசமும் கந்தகமும் சேர்ந்தது. மனோசிலையில் ஆர்சனிக் உள்ளது. தனியாக உண்டால் உயிரைப் பறிக்கக்கூடிய பொருட்களை முறைப்படி கட்டி மருந்தாக்கலாம் என்பது சித்தர்களின் கருத்து.

போகரின் காலத்தைப் பற்றிப் பல கருத்துகள் உண்டு. அவருடைய சமாதி பழனி மலைக்கோயிலிலேயே இருக்கிறது. அவருக்குப் பின் அவருடைய சீடர் புலிப்பாணியும், அவர் வழிவந்தவர்களும் பூசை செய்தார்கள் என்றும், திருமலை நாயக்கர் காலத்தில் அந்த உரிமை குருக்கள்மாருக்கு மாறியது என்றும் வரலாறு சொல்கிறார்கள்.

இந்தச் சிலையின் பெருமையே அதற்கு ஆபத்தாகவும் ஆனது என்பதுதான் வேடிக்கை! சிலை மேல் பட்ட பஞ்சாமிர்தமும், இரவில் சாற்றி விடியற்காலையில் களையப்படும் ராக்காலச் சந்தனமும் நோய் தீர்க்கும் என்று பக்தர்கள் நம்புகிறார்கள். நம்பிக்கை வளர வளர அபிஷேகமும் பெருகியது. அபிஷேகம் பெருகப் பெருக, சிலை தேய்ந்து வருகிறதே என்ற கவலையும் கூடியது. கணக்குப் புத்தகத்தில் எந்த இயந்திரத்துக்கும் தேய்மானம் எழுதுவார்கள். ஆயுள் முடிந்ததும் புதியது வாங்கிவிடலாம். தெய்வத் திருமேனிக்கு அப்படிச் செய்ய முடியுமா?

செய்து பார்த்தார்கள். 2004 ஜனவரியில் பழனிக் கருவறையில் மூலவருக்கு முன்பாக ஓர் ஐம்பொன் சிலை வைக்கப்பட்டது. அபிஷேகம் அதற்கு நடந்தால் பழைய சிலை பிழைக்கும் என்று காரணம் கூறப்பட்டது. பக்தர்கள் ஏற்கவில்லை. தாங்கள் காண வந்தது அந்தப் பழைய ஆண்டியைத்தான் என்றார்கள். புதிய சிலையின் நிறமும் கறுக்கத் தொடங்கியது. சில மாதங்களிலேயே அது கருவறையை விட்டு அகற்றப்பட்டது. அந்தச் சிலை செய்ததில் முறைகேடு நடந்ததாக 2018-ல் சிலைக் கடத்தல் தடுப்புப் பிரிவு வழக்குப் பதிந்து விசாரித்தது. 2023 ஜனவரி 27 அன்று கோயிலுக்குக் குடமுழுக்கு நடந்தது. மூலவர் சிலையின் உறுதி குறித்து ஆலோசனை கூற ஒரு குழுவும் அமைக்கப்பட்டது.

அப்படியானால் அபிஷேகத்தைக் குறைப்பது மரபுக்கு விரோதமா? இல்லை என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே சான்றுகள் உண்டு. திருவரங்கத்துப் பெரிய பெருமாள் சுதையால் ஆனவர். எனவே அவருக்கு நீரால் திருமஞ்சனம் கிடையாது; தைலக்காப்பு மட்டுமே. திருமஞ்சனம் உற்சவருக்கு நடக்கிறது. காஞ்சிபுரத்தில் அத்தி மரத்தால் ஆன வரதர் அனந்தசரஸ் குளத்துக்குள் இருக்கிறார். 1979-ல் வெளியே வந்தவர் மீண்டும் 2019-ல்தான் வந்தார். கருவறையில் கல் திருமேனிக்கு வழிபாடு நடக்கிறது. ஆக, பொருளின் தன்மையைப் பார்த்து வழிபாட்டை அமைத்துக் கொள்வது நம் முன்னோருக்குத் தெரியாததல்ல.

2004-ல் பக்தர்கள் மறுத்தது மாற்றுச் சிலையைத்தான், பாதுகாப்பை அல்ல. இந்த வேறுபாட்டைப் புரிந்து கொண்டால் பாதி வழி தெரிந்துவிடும். ஒரு கிண்ணம் பிரசாதம் குறைந்தால் இன்றைய பக்தருக்குச் சிறு ஏமாற்றம்தான். சிலை கரைந்து போனால் நாளைய பக்தருக்குத் தரிசனமே இருக்காது. பழனியாண்டவரும் பூம்பாறை வேலப்பரும் இந்தத் தலைமுறைக்கு மட்டும் சொந்தமானவர்கள் அல்லவே!