லண்டனில் பன்னிரண்டு நாட்கள்

புரட்சித் தலைவர்களின் வெளிநாட்டுப் பயணங்களைக் கூறும் நூல்கள் பல. அவற்றுள் என்னை மீண்டும் மீண்டும் படிக்கச் செய்தது சீனத் தலைவர் ஸன் யாட் ஸென் எழுதிய ஒரு சிறு நூல். லண்டனில் தாம் கடத்தப்பட்ட கதையை அவர் ஆங்கிலத்தில் எழுத, 1897-ஆம் ஆண்டில் அது பிரிஸ்டல் நகரில் வெளியாயிற்று.

1895-இல் கான்டன் நகரில் மஞ்சு அரசுக்கு எதிராக அவர் திட்டமிட்ட கிளர்ச்சி தோல்வியுற்றது. தலைக்கு விலை வைக்கப்பட்ட அவர் ஜப்பான், ஹவாய், அமெரிக்கா வழியாக லண்டன் வந்தடைந்தார். 1896 அக்டோபர் 11-ஆம் நாள் சீனத் தூதரகத்துக்குள் சிறைப்பட்டார். இரகசியமாகக் கப்பலேற்றிச் சீனத்துக்கு அனுப்பிவிடுவதே தூதரகத்தாரின் எண்ணம். அங்கே அவருக்குக் காத்திருந்தது மரணம். உதவி வேண்டி ஜன்னல் வழியே அவர் எறிந்த சீட்டுகளோ தூதரகத்தாரிடமே சிக்கின.

அவரைக் காத்தவர்கள் யார்? தூதரகத்தில் ஊழியம் செய்த ஜார்ஜ் கோல் என்ற ஆங்கிலேயரும், அங்கு வேலை பார்த்த ஒரு மாதும்தாம். ஸன் யாட் ஸெனுக்கு ஹாங்காங்கில் மருத்துவம் கற்பித்த டாக்டர் ஜேம்ஸ் கான்ட்லிக்கு அவர்கள் மூலம் செய்தி எட்டியது. கான்ட்லி காவல்துறையையும் வெளியுறவு அலுவலகத்தையும் நாடி அலைந்தார். அக்டோபர் 22-இல் 'குளோப்' பத்திரிகை செய்தியை வெளியிட்டது. மறுநாளே கைதி விடுதலையானார்.

மாணவப் பருவத்தில் இந்நூலின் ஒவ்வொரு சொல்லையும் நான் அப்படியே நம்பினேன். தெருவில் நயமாகப் பேசித் தம்மை உள்ளே அழைத்துச் சென்றுவிட்டார்கள் என்கிறார் ஆசிரியர். அவரே துணிந்து உள்ளே சென்றார் என்று அவருடைய தோழர் ஒருவர் பின்னாளில் எழுதிவைத்திருக்கிறார். மேலும், ஆயுதமேந்திய கிளர்ச்சிக்குத் திட்டமிட்டவர், நூலில் தம்மை அமைதியான சீர்திருத்தக்காரராகவே காட்டிக்கொள்கிறார்.

இதை அறிந்தபோது முதலில் எனக்கு ஏமாற்றமே உண்டாயிற்று. பின்னர் சிந்தித்தேன். அடைக்கலம் தந்த நாட்டின் மக்களுக்காக, இன்னும் தலைக்கு ஆபத்துள்ள ஒருவர் எழுதியது அது. நீதிமன்றத்தில் அளித்த வாக்குமூலம் அன்று. போராட்டத்தின் ஒரு பகுதி. அதுவரை வெளியுலகம் அறியாத ஒரு மருத்துவரை அந்த நிகழ்ச்சியும் நூலும் உலகறிந்த தலைவராக்கின. 1912 ஜனவரி முதல் நாள் அவர் சீனக் குடியரசின் தற்காலிகத் தலைவராகப் பதவி ஏற்றார்.

ஆகவே, நேயர்களே, இத்தகைய நூல்களைப் படிக்கையில், ஆசிரியர் என்ன சொன்னார் என்பதோடு, யாருக்காகச் சொன்னார், எதைச் சொல்லாமல் விட்டார் என்பதையும் கேட்டுப் பாருங்கள். அந்தக் கேள்வியால் தலைவரின் பெருமை குன்றிவிடாது. அவர் எத்தகைய ஆபத்தின் நடுவே பேனாவைப் பிடித்தார் என்பதே நமக்குத் தெளிவாகும்.