அமைச்சர் நாற்காலியில் ஒரு படை அதிகாரி: ஜாக் சீலியும் 1914 கர்ரா நெருக்கடியும்

ராணுவம் நாடாளுமன்றத்துக்குக் கட்டுப்பட்டது என்ற கொள்கை பிரிட்டனில் 1914 மார்ச் மாதம் பத்து நாட்கள் ஆட்டம் கண்டது. அப்போது போர்த்துறை அமைச்சராக இருந்தவர் ஜான் எட்வர்ட் பெர்னார்ட் சீலி, நண்பர்களுக்கு ஜாக். அவருடைய வீழ்ச்சியை ஒரு நாள் அவசரத்தின் விளைவாகச் சொல்லிவிடலாம். ஆனால் அவருடைய முந்தைய வாழ்க்கையைச் சேர்த்துப் படித்தால் வேர் ஆழமானது என்று தெரிகிறது. அமைச்சரான பிறகும் படை அதிகாரிகளிடம் அவர் சக அதிகாரியாகவே பேசினார்.

1868இல் டெர்பிஷயரில், நிலக்கரிச் சுரங்கங்கள் கொண்ட செல்வக் குடும்பத்தில் பிறந்தார் சீலி. ஹாரோ பள்ளி, கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரி, பிறகு ஹாம்ப்ஷயர் தன்னார்வக் குதிரைப்படை. 1900இல் தென்னாப்பிரிக்கப் போர்க்களத்தில் இருந்தபோதே வைட் தீவுத் தொகுதியில் கன்சர்வேட்டிவ் உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். சீருடையும் நாடாளுமன்ற இருக்கையும் அவருக்கு ஒன்றாகவே வாய்த்தன. தடையற்ற வணிகத்தை ஆதரித்தும், தென்னாப்பிரிக்கச் சுரங்கங்களுக்குச் சீனத் தொழிலாளரைக் கொண்டுவருவதை எதிர்த்தும் 1904இல் கட்சியைவிட்டு விலகினார். பதவியைத் துறந்து மீண்டும் தொகுதி மக்களிடமே சென்ற அந்த நேர்மையை மதிக்கத்தான் வேண்டும். லிபரல் கட்சியில் சேர்ந்தவர் 1912 ஜூனில் ஹால்டேனுக்குப் பின் போர்த்துறை அமைச்சரானார்.

அயர்லாந்துத் தன்னாட்சி மசோதா அப்போது சட்டமாகும் கட்டத்தை நெருங்கிக்கொண்டிருந்தது. அதை எதிர்க்க, அயர்லாந்தின் வடபகுதியான அல்ஸ்டரில் ஒரு தன்னார்வப் படை ஆயுதப் பயிற்சி எடுத்துவந்தது. அயர்லாந்துப் படைத்தலைவர் ஆர்தர் பேஜெட்டை லண்டனுக்கு அழைத்த சீலி, அல்ஸ்டருக்குப் படையை அனுப்ப நேர்ந்தால், அங்கே வீடுள்ள அதிகாரிகள் அந்த நடவடிக்கையிலிருந்து ஒதுங்கிக்கொள்ளலாம், மறுக்கும் மற்றவர்கள் பணிநீக்கம் செய்யப்படுவார்கள் என்றார். என் பார்வையில் நெருக்கடி பிறந்தது இங்கேதான். ஆணை பிறப்பிக்கப்படும் முன்பே, கீழ்ப்படிவாயா என்று அதிகாரியைக் கேட்டுவிட்டால், மறுக்கும் உரிமையையும் அவர் கையில் கொடுத்ததாகிறது.

மார்ச் 20 அன்று டப்ளினில் பேஜெட் அந்தச் செய்தியைப் பதற்றத்தோடும் மிகையோடும் தளபதிகளிடம் சொன்னார். அயர்லாந்தின் கர்ரா முகாமில் இருந்த 3ஆம் குதிரைப்படைப் பிரிவின் தலைவர் ஹ்யூபர்ட் காஃபும், ஏறத்தாழ 60 அதிகாரிகளும் பணிநீக்கத்தையே ஏற்பதாக அறிவித்தனர். லண்டனுக்கு வரவழைக்கப்பட்ட காஃப் எழுத்து வடிவில் உறுதி கேட்டார். மார்ச் 23 அன்று அமைச்சரவை ஓர் அறிக்கையைத் திருத்தி ஒப்புதல் தந்தபோது சீலி மன்னரைப் பார்க்கப் போயிருந்தார். திரும்பி வந்தவர், மார்லி பிரபுவின் உதவியோடு இரண்டு பத்திகளை அதில் சேர்த்தார். (1909 சீர்திருத்தங்களால் இந்தியா நன்கறிந்த அதே மார்லிதான்.) தன்னாட்சிக்கான அரசியல் எதிர்ப்பை நசுக்கப் படையைப் பயன்படுத்தும் எண்ணம் அரசுக்கு இல்லை என்பது அவற்றின் சாரம். அதுவும் போதாமல் காஃப் மேலும் தெளிவான வாக்குறுதி கேட்க, படைத்தலைமைத் தளபதி ஜான் ஃபிரெஞ்ச் அதற்குக் கையொப்பமிட்டார்.

அமைச்சரவை அறியாத உறுதிமொழியைப் பிரதமர் அஸ்க்வித் ஏற்க மறுத்தார். மார்ச் 30 அன்று சீலி பதவி விலகினார், ஃபிரெஞ்சும் விலகினார். அஸ்க்வித் போர்த்துறையைத் தன்னிடமே வைத்துக்கொண்டார். இதற்கிடையே மார்ச் 27இல் வெளியான ராணுவ ஆணையே இந்த விவகாரத்தின் நிலையான விளைவு. கற்பனைச் சூழல்களில் என்ன செய்வார்கள் என்று அதிகாரிகளைக் கேட்கக் கூடாது. அவர்களும் அரசிடம் உறுதிமொழி கேட்கக் கூடாது. சட்டப்படியான ஆணைக்குக் கீழ்ப்படிவது கடமை என்றது அது. சீலி திறந்துவிட்ட கதவை அவருடைய துறையே மூடியது.

முதல் உலகப் போர் மூண்டதும் களத்துக்குப் போன சீலி, 1915 முதல் கனடியக் குதிரைப்படைப் பிரிவுக்குத் தலைமை தாங்கினார். 1918 மார்ச் 30 அன்று, பதவி விலகி சரியாக நான்கு ஆண்டுகள் கழித்து, ஆமியான் நகரை நோக்கி முன்னேறிய ஜெர்மானியரை மொரேய் காட்டில் எதிர்கொண்டது அவருடைய பிரிவு. அமைச்சராக இருந்தபோது அவரைக் கவிழ்த்த இயல்பு, வீரர்களோடு ஒருவராக நிற்கும் அந்த இயல்பு, இங்கே அவருக்குப் பலமாக இருந்தது. வாரியர் என்ற தன் குதிரையில் முன்னால் சென்று அவர் காட்டோரத்தை அடைந்தார் என்று அவரே பின்னாளில் எழுதினார். வீரக்கதையைப் பெரிதாக்கிச் சொல்லும் பழக்கம் அவருக்கு உண்டு என்பதால், வரலாற்றாய்வாளர் அதை மற்றப் பதிவுகளோடு ஒப்பிட்டே ஏற்க வேண்டும்.

1919இல், போர்த்துறையையும் வான்படைத் துறையையும் சேர்த்து வைத்திருந்த சர்ச்சிலின் கீழ் வான்படைத் துறையின் துணை அமைச்சரானார். இரண்டையும் ஒருவரே வைத்திருப்பது தவறு, வான்படைக்குத் தனி அமைச்சர் வேண்டும் என்று வாதிட்டார். அது ஏற்கப்படாததால் அதே ஆண்டு நவம்பரில் மீண்டும் பதவி விலகினார்.