திரையில் ஒரு குரல், தட்டில் ஒரு குரல்: ஹாலிவுட் இசைப்பட ஆல்பங்கள், 1938–1961

1954இல் 'ஒயிட் கிறிஸ்துமஸ்' படம் வெளிவந்தபோது, இர்விங் பெர்லின் எழுதிய அதன் பாடல்களைத் தேடி இசைத்தட்டுக் கடைக்குப் போன அமெரிக்க ரசிகருக்கு இரண்டு ஆல்பங்கள் கிடைத்தன. திரையில் கேட்டது இரண்டிலுமே முழுதாக இல்லை. டெக்கா தட்டில் பிங் கிராஸ்பி இருந்தார். ஆனால் அவருடைய ஜோடி ரோஸ்மேரி குளூனியின் இடத்தில் பெக்கி லீ பாடியிருந்தார். கொலம்பியா தட்டில் குளூனி உண்டு, கிராஸ்பி கிடையாது. குளூனி கொலம்பியாவுக்கு ஒப்பந்தமானவர், கிராஸ்பி டெக்காக்காரர். எந்தக் கம்பெனியும் விட்டுக்கொடுக்கவில்லை. படத்தில் குளூனியும் வேரா-எலனும் சகோதரிகளாகத் தோன்றும் 'சிஸ்டர்ஸ்' பாட்டைக் கொலம்பியா தட்டில் குளூனி தம் சொந்தத் தங்கை பெட்டியோடு பாடினார். ஒருவகையில் படத்தைவிட ஆல்பமே உண்மைக்கு நெருக்கம்!

இது விதிவிலக்கான சம்பவம் அன்று. திரையில் எது ஒலித்தது என்பதைவிட, யார் எந்தக் கம்பெனியில் கையெழுத்திட்டிருந்தார் என்பதே அக்கால ஆல்பங்கள் பலவற்றின் உள்ளடக்கத்தைத் தீர்மானித்தது.

தொடக்கம் நேர்மையாகவே இருந்தது. 1938 ஜனவரியில் விக்டர் கம்பெனி, டிஸ்னியின் 'ஸ்னோ ஒயிட்' பாடல்களை மூன்று 78 சுழற்சித் தட்டுகளாக, படத்தின் ஒலியிலிருந்தே எடுத்து வெளியிட்டது. அடுத்து வந்த 'தி விசர்ட் ஆஃப் ஆஸ்' (1939) அந்த வழியில் போகவில்லை. டெக்கா ஸ்டூடியோவில் புதிதாகப் பதிவுசெய்த ஆல்பத்தில், படத்தின் முக்கிய நடிகர்களில் ஜூடி கார்லண்ட் மட்டுமே பாடினார். படத்தின் அசல் ஒலி ஆல்பமாக வரப் பதினேழு ஆண்டுகள் ஆயின.

எம்.ஜி.எம். ஸ்டூடியோ 1946இல் சொந்த இசைத்தட்டுக் கம்பெனி தொடங்கியதும் நிலைமை மாறியது. ஜெரோம் கெர்னின் வாழ்க்கைப் படமான 'டில் தி கிளவுட்ஸ் ரோல் பை'யின் பாடல்கள், படத்தின் ஒலியிலிருந்தே நான்கு தட்டுகளில் 1947இல் வந்தன. தட்டின் ஒரு பக்கத்தில் ஏறத்தாழ மூன்று நிமிடமே அடங்கும் என்பதால் பாடல்களுக்குக் கத்தரி விழுந்தது. 1948இல் கொலம்பியா அறிமுகப்படுத்திய, நீண்டநேரம் ஓடும் எல்.பி. தட்டு அந்த நெருக்கடியைத் தீர்த்தது. ஒப்பந்தச் சிக்கலை அது தீர்க்கவில்லை. 1954இலும்கூட 'தேர்ஸ் நோ பிசினஸ் லைக் ஷோ பிசினஸ்' படத்தின் டெக்கா ஆல்பத்தில், ஆர்.சி.ஏ. கம்பெனியோடு ஒப்பந்தமாகியிருந்த மர்லின் மன்றோவின் பாடல்களை டொலரஸ் கிரே பாடினார்.

எம்.ஜி.எம்.மின் 'ஷோ போட்' (1951) இன்னும் விசித்திரம். திரையில் ஆவா கார்ட்னருக்குப் பாட்டுக் குரல் கொடுத்தவர் அனெட் வாரன். ஆல்பத்திலோ கார்ட்னரே பாடுகிறார். பாடத் தகுதியில்லை என்று படத்தில் ஒதுக்கப்பட்ட அதே குரல் தட்டில் விற்பனைக்கு வந்தது. பின்னணிப் பாடகர் பெயரைத் தட்டிலேயே படித்துப் பழகிய நமக்கு, ஹாலிவுட் பின்னணிக் குரலை இவ்வளவு ரகசியமாக வைத்திருந்தது வேடிக்கையாகத் தோன்றும்.

அந்த ரகசியத்தால் அதிகம் இழந்தவர் மார்னி நிக்சன். 'தி கிங் அண்ட் ஐ' (1956) படத்தில் டெபோரா கெர்ருக்கும், 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' (1961) படத்தில் நடாலி வுட்டுக்கும் பாடியவர் அவரே. பின்னதன் ஆல்பம் பில்போர்டு பட்டியலில் 54 வாரம் முதலிடத்தில் இருந்தது. அதன் விற்பனையில் நிக்சனுக்கு ஒப்பந்தப்படி பங்கு ஏதும் இல்லை. இசையமைப்பாளர் லெனர்ட் பெர்ன்ஸ்டைன் தம் ராயல்டியிலிருந்து கால் சதவீதத்தை விட்டுக்கொடுத்தார்.