ஹபர் சொன்ன எரவான்: கரபேத் ஹாச்சோ என்ற ஆர்மீனியர்

நாட்டார் பாடல் படிப்பிக்கும்போது வருஷந்தோறும் ஒரு பிள்ளையாவது கேட்கும்: "சேர், இந்தப் பாட்டையெல்லாம் யார் சேர்த்து வச்சது?" நம்மட ஆக்கள்தான் என்று பதில் சொல்லிப் பழகிவிட்டேன். கரபேத் ஹாச்சோவின் வரலாற்றை அறிந்த பிறகு அந்தப் பதிலை அவ்வளவு இலேசாகச் சொல்ல முடிவதில்லை.

தென்கிழக்குத் துருக்கியில், இன்றைய பத்மான் நகரை அண்டிய கிராமமொன்றில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிறந்தவர் கரபேத். ஆர்மீனியக் கிறிஸ்தவர். சுற்றிவர வாழ்ந்தவர்கள் குர்திய முஸ்லிம்கள். 1915இல் உஸ்மானிய ஆட்சி ஆர்மீனியரை நாடுகடத்திக் கொன்றழித்தபோது தாயையும் தகப்பனையும் இழந்தார். சகோதரங்களோடு உயிர் தப்பினார்.

இந்த இடத்தில் நாம் மழுப்பக் கூடாது. அந்த அநியாயத்தைச் செய்தவர்கள் முஸ்லிம் பெயர் தாங்கியவர்கள். குர்தியக் குலங்கள் சிலவும் அதில் பங்கெடுத்தன. அடைக்கலம் கொடுத்த குர்தியரும் இருந்தார்கள். குதாஹியாவின் ஆளுநர் ஃபாயிக் அலி பே நாடுகடத்தும் உத்தரவை நிறைவேற்ற மறுத்தார். மக்காவின் ஷரீஃப் ஹுஸைன், ஆர்மீனியரைப் பாதுகாக்கும்படி எழுதினார். இரண்டு பக்கத்தையும் சொல்வதுதான் வரலாறு.

அநாதையான கரபேத் கற்றது குர்திய 'தெங்பேஜ்' கலையை. 'தெங்' என்றால் குரல், 'பேஜ்' என்றால் சொல்பவர். வாத்தியம் இல்லாமல், காதலையும் சண்டையையும் மரணத்தையும் நீண்ட கதையாகப் பாடுவார்கள். எழுத்தில் ஏறாத சரித்திரம் அவர்களுடைய நெஞ்சில்தான் இருந்தது. பிறகு சிரியாவுக்குப் போய் பிரெஞ்சுப் படையில் சுமார் 15 வருஷம் இருந்தார். 1946இல் சோவியத் ஆர்மீனியாவில் குடியேறினார்.

எரவான் வானொலியின் குர்திய ஒலிபரப்பு 1955இல் மீண்டும் தொடங்கியது. ஆரம்பத்தில் கால் மணித்தியாலம்தான். பொறுப்பாக இருந்த காஸிமே ஜலீல் ஒரு யஸீதி. அவரும் ஆர்மீனிய அநாதை இல்லத்தில் வளர்ந்தவர். அவருடைய மகள் ஜமீலா இசை ஆய்வாளராகிக் குர்திய மெட்டுகளைத் திரட்டினார். இதற்கு முன்மாதிரியும் ஓர் ஆர்மீனியரே. அந்த நூற்றாண்டின் தொடக்கத்திலேயே குர்திய மெட்டுகளைச் சுரப்படுத்தி வெளியிட்ட கொமிதாஸ் பாதிரியார், குதாஹியாவில் பிறந்தவர். 1915இல் அவரையும் பிடித்துக்கொண்டு போனார்கள். உயிரோடு திரும்பினார், ஆனால் மனம் உடைந்துபோனது. 1935இல் பாரிஸ் அருகே ஒரு மனநல மருத்துவமனையில் காலமானார்.

"யெரெவான் ஹபர் திதெ" என்றுதான் ஒலிபரப்பு தொடங்கும். எரவான் ஹபர் சொல்கிறது என்று அர்த்தம். 'ஹபர்' நமக்குப் புதிய சொல்லா என்ன? அந்த வாசகத்துக்காக எல்லைக்கு அப்பால் துருக்கியில் குர்தியக் குடும்பங்கள் காத்திருந்தன. அங்கே அவர்களுடைய மொழிக்குப் பொதுவாழ்வில் இடமில்லை. 1983இல் சட்டம் போட்டே குர்திய மொழியில் எதையும் வெளியிடத் தடைசெய்தார்கள். 1991இல்தான் அது நீங்கியது. ரேடியோவின் சத்தத்தைக் குறைத்துவைத்து, கதவைச் சாத்திக்கொண்டு கேட்டார்கள். கசெட்டில் பதிந்து கைக்குக் கை மாற்றினார்கள். அப்படிக் கேட்ட குரல்களில் கரபேத்துடையதும் ஒன்று.

யோசித்துப் பாருங்கள். முஸ்லிம்கள் ஆளும் நாட்டில் முஸ்லிம்களின் மொழிக்குத் தடை. கம்யூனிச நாட்டின் வானொலியிலிருந்து, குடும்பத்தைப் பறிகொடுத்த ஒரு கிறிஸ்தவர் அந்த மொழியைப் பாடி அவர்களிடமே சேர்க்கிறார். வெறுக்க அவருக்குக் காரணம் இருந்தது. ஒரு கூட்டத்தார் மீதுள்ள பகை உங்களை நீதி தவறச் செய்யக் கூடாது என்பது நமக்கு இடப்பட்ட கட்டளை. அதை நமக்கு வெளியே நின்ற ஒருவரின் வாழ்க்கையில் காண்கிறேன்.

கரபேத் 2005இல் ஆர்மீனியாவில் காலமானார். கடைசிவரை குர்திய மொழியிலேயே பாடினார். அமானிதம் என்ற சொல்லைப் பிள்ளைகளுக்கு விளக்க வேண்டி வந்தால், இப்போதெல்லாம் இவருடைய கதையைத்தான் சொல்கிறேன்.