கடற்கரையின் வரவு செலவு

பிரெஞ்சில் 'தெப்போ' என்று ஒரு சொல் உண்டு. வங்கியில் போடும் பணமும் தெப்போ, ஆறு அடித்து வந்து போடும் வண்டலும் தெப்போ. நம் பஸ் டெப்போகூட ஆங்கிலம் வழியாக வந்த அதே சொல்தான். பிரெஞ்சு வழியில் படித்த எனக்குப் பூகோள வகுப்பில் இது அறிமுகமானது. பிறகு குமாஸ்தாவாகப் பேரேடு எழுதியே காலம் போயிற்று. அதனாலோ என்னவோ, கடற்கரை மணலைப் பார்த்தாலும் எனக்கு வரவு செலவாகவே தெரிகிறது.

ஓடுகிற தண்ணீர் வேகம் இருக்கும்வரை சுமக்கும். வேகம் குறைந்தால் சுமையை இறக்கிவிடும். முதலில் கூழாங்கல், அடுத்து மணல், கடைசியில் நுண்ணிய களிமண். தென்பெண்ணையாறு கடலூர்ப் பக்கம் கடலில் சேர்க்கும் மணல் அங்கேயே தங்கிவிடுவதில்லை. தென்மேற்குப் பருவக்காற்றுக் காலத்தில் அலைகள் கரையைச் சாய்வாக மோதி, மணலை வடக்கே தள்ளிக்கொண்டு போகின்றன. வடகிழக்குப் பருவக்காற்றில் கொஞ்சம் தெற்கே திரும்பி வரும். வருஷக் கடைசியில் கூட்டிக் கழித்தால் வடக்கே போனதுதான் அதிகம். கரையை ஒட்டி மணலாறு ஒன்று ஓடுகிறது என்றே சொல்லலாம்.

அந்த மணலாற்றின் குறுக்கே முதலில் பெரிய சுவர் எழுப்பியது சென்னையில்தான். 1876-இல் துறைமுக வேலை தொடங்கியது. 1881 நவம்பர் புயல் அதன் கற்சுவர்களைச் சிதைத்தது. திரும்பக் கட்டினார்கள். வடக்கே போய்க்கொண்டிருந்த மணல் சுவரின் தென்புறம் தேங்கியது. தேங்கத் தேங்கக் கடல் விலகியது. அப்படி அகன்ற கரையோரத்தில் உலாவும் சாலை அமைத்து, 1884-இல் 'மெரினா' என்று பெயர் வைத்தவர் கவர்னர் கிராண்ட் டஃப். துறைமுக வாயிலையும் மணல் விடவில்லை. கிழக்கு நோக்கியிருந்த வாயிலை மூடிவிட்டு வடகிழக்கில் வேறு வாயில் திறந்தார்கள். போர்ட் டிரஸ்டின் தலைவர் பிரான்சிஸ் ஸ்பிரிங் காலத்து வேலை அது.

மெரினா வரவுப் பக்கம். செலவுப் பக்கம் வடக்கே இருக்கிறது. ராயபுரம் தொடங்கித் திருவொற்றியூர் வரை கடல் கரையைத் தின்றது. மணல் வரத்து நின்ற இடத்தில் அலை சும்மா இருக்காது. இருக்கிற மணலை எடுத்துக்கொண்டு போய்விடும். மெரினாவின் அழகைப் பாடுகிறவர்கள் ராயபுரத்துக் கருங்கல் கொட்டிய கரையையும் ஒருமுறை போய்ப் பார்க்கவேண்டும்.

இத்தனையும் கண்ணெதிரே நடந்து நூறு வருஷம் ஆன பிறகு புதுச்சேரியின் முறை வந்தது. பிரெஞ்சுக்காரர் காலத்தில் இங்கே துறைமுகம் கிடையாது. கப்பல்கள் தூரத்தில் நங்கூரமிடும். சலங்குப் படகுகளில் சரக்கு கரைக்கு வரும். 'சலங்கு' என்ற நம் சொல்லையே 'ஷெலேங்க்' என்று அவர்கள் எழுதிக்கொண்டார்கள். 1980-களின் பிற்பகுதியில் அரியாங்குப்பம் ஆற்று முகத்துவாரத்தில் துறைமுகத்துக்காக இரண்டு அலைத்தடுப்புச் சுவர்கள் எழுந்தன. தெற்கே மணல் மேடிட்டது. வடக்கே, நான் சிறுவனாக இறங்கி ஓடிய மணற்கரை, சில வருஷங்களிலேயே காணாமல் போயிற்று. கடற்கரைச் சாலையைக் காப்பாற்றக் கருங்கல் கொட்டினார்கள். கல் சாலையைக் காத்தது. அரிப்பு இன்னும் வடக்கே நகர்ந்தது. கோட்டக்குப்பம், தந்திராயன்குப்பம், பொம்மையார்பாளையம் என்று மீனவர்கள் வலை காயப்போட்ட மணலும், படகு ஏற்றிய கரையும், சில இடங்களில் வீடும் போயின. அவை தமிழ்நாட்டு எல்லைக்குள் இருக்கும் ஊர்கள். வரவு ஒரு அரசின் புத்தகத்தில், செலவு இன்னொரு அரசின் புத்தகத்தில். எந்த ஆடிட்டர் இரண்டையும் சேர்த்துப் பார்ப்பார்?

இதற்குப் பரிகாரம் தெரியாமல் இல்லை. தெற்கே தேங்கும் மணலை வாரி வடக்கே கொட்டிக்கொண்டே இருக்கவேண்டும். துறைமுகத் திட்டத்திலேயே அந்த ஏற்பாடு இருந்தது, தொடர்ந்து நடக்கவில்லை. சுவர் கட்டுவது ஒரு தடவைச் செலவு, திறப்பு விழாவும் உண்டு. மணல் வாருவது வருஷா வருஷம் வரும் செலவு, அதற்கு விழா எடுப்பார் யாரும் இல்லை. பட்ஜெட் தாள்களோடு பழகியவர்களுக்கு இதில் எது முதலில் வெட்டுப்படும் என்று சொல்லத் தேவையில்லை.

2018 வாக்கில் தேசிய கடல் தொழில்நுட்பக் கழகம் தலைமைச் செயலகத்துக்கு எதிரே கடலுக்கடியில் ஆப்பு வடிவத்தில் எஃகுத் திட்டு ஒன்றை இறக்கியது. அலை அதில் பட்டு வேகம் குறைந்தது. வேகம் குறைந்தால் சுமை இறங்கும் என்ற அதே விதிதான். அங்கே மறுபடி மணல் படிந்தது. பேரப்பிள்ளைகள் கால் நனைப்பதைப் பார்க்கச் சந்தோஷமாகத்தான் இருக்கிறது.

ஆனால் மணல் எங்கே சேர்ந்தாலும் அது வேறு எங்கோ போகவேண்டிய மணல். தென்பெண்ணையின் குறுக்கே சாத்தனூர் அணை வந்தது 1958-இல். ஆறு கொண்டுவரும் மணலிலும் ஒரு பங்கு அணைக்குப் பின்னே தங்கிவிடுகிறது. முதலே குறைந்த கணக்கில் ஒருவருக்குக் கூடுதலாகக் கொடுத்தால் அடுத்தவருக்கு என்ன மிஞ்சும்? பொம்மையார்பாளையத்துக் கரையில் நின்று பார்ப்பவருக்கு அந்தப் பாக்கி தெரியும்.